தாகத்துக்கும் சுண்ணாம்புக்கும் ஒரே வினைச்சொல்

தங்கச்சி, எஸ்.எஸ்.சி.க்கும் பேங்க் பரீட்சைக்கும் படிக்கிறேன் என்று ஆயிரம் வார்த்தைப் பட்டியல் ஒன்றை ஜெராக்ஸ் எடுத்து வைத்திருக்கிறாய். தினமும் ஒரு பக்கம், வார்த்தைக்கு ஒரு அர்த்தம், எதிரே ஒரு டிக். உன் கூடப் படிக்கிற பிள்ளைகளும் அப்படித்தான் படிக்கிறார்கள் என்று தம்பி சொன்னான். பட்டியலைத் தூக்கிப் போடச் சொல்ல மாட்டேன். அதில் இருக்கிற அரிதான வினைச்சொற்களை மட்டும் தனியாகப் பிரித்து எடு. பெயர்ச்சொல்லுக்கு ஒரு அர்த்தம் தெரிந்தால் ஓரளவு சமாளித்துவிடலாம். வினைச்சொல்லிடம் அது நடக்காது. எதோடு சேரும், எதோடு சேராது என்று தெரியாமல் அர்த்தத்தை மட்டும் மனப்பாடம் செய்தால், பரீட்சையில் கோடிட்ட இடம் வந்ததும் பேனா நின்றுவிடும்.

மாதிரிக்கு ஒன்றை எடுத்துக்கொள்வோம்: ஸ்லேக். பேச்சில் யாரும் சொல்ல மாட்டார்கள். கதையிலும் கட்டுரையிலும் எப்போதாவது எட்டிப் பார்க்கும். பரீட்சைத் தாளில் மட்டும் நான்கு விடைகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வந்து நிற்கும். ஆனாலும் நீ இருக்கிற பெரம்பலூருக்கும் நான் வாக்கப்பட்டு வந்த அரியலூருக்கும் இவ்வளவு நெருக்கமான ஆங்கில வினை இன்னொன்று இருக்குமா என்று எனக்குச் சந்தேகம்தான். ஏன் என்பது போகப் போகத் தெரியும்.

வாயில் சரியாக வரட்டும்

லேக் என்றால் ஏரி. அதற்கு முன்னால் ஒரு எஸ் போட்டால் ஸ்லேக். எழுத்துக்கூட்டலும் அவ்வளவுதான், உச்சரிப்பும் அவ்வளவுதான். நம் பக்கத்தில் முன்னால் ஒரு இகரத்தைச் சேர்த்து ‘இஸ்லேக்’ என்று சொல்லிவிடுவோம். ஸ்கூலை இஸ்கூல் என்கிற அதே பழக்கம். எஸ் ஒலியைக் கொஞ்சம் இழுத்துப் பிடித்து, மூச்சை விடாமல் லேக்குக்குள் இறங்கு, இகரம் நுழைய இடம் இருக்காது. இறந்த காலம் ஸ்லேக்ட். அதை ‘ஸ்லேக்கெட்’ என்று இரண்டு அசையாக நீட்டாதே. ஐ-என்-ஜி சேர்க்கும்போது கடைசி ஈ எழுத்து விழுந்துவிடும். இந்த இரண்டையும் ஒருமுறை கையால் எழுதிப் பார்த்தால் போதும்.

அர்த்தத்தை மனதில் நிறுத்தவும் அந்த ஏரியையே பிடித்துக்கொள். கங்கைகொண்ட சோழபுரத்தில் ராஜேந்திர சோழன் வெட்டிய சோழகங்கம் இருக்கிறதே, இன்றைக்குப் பொன்னேரி என்று சொல்கிறோமே, அதுதான். கங்கை வரைக்கும் போன படையின் வெற்றிக்காக, தண்ணீரால் ஆன வெற்றித்தூணாக இந்த ஏரியை அவன் எழுப்பினான் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது. ஏரி தாகத்தைத் தணிக்கும், எஸ் போட்ட லேக்கும் தாகத்தைத் தணிக்கும். இது ஞாபகத்துக்காக நான் போட்ட முடிச்சு, அவ்வளவுதான். சொல்லின் பூர்வீகத்துக்கும் ஏரிக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய ஆங்கிலத்தில் இது தளர்வது, முனைப்புக் குறைவது என்ற பொருளில் இருந்த சொல். கயிறு தொய்ந்து கிடப்பதைச் சொல்ல ஸ்லாக் என்கிறார்களே, அது இதற்கு உடன்பிறப்பு. இறுக்கிப் பிடித்து ஆட்டுகிற ஏதோ ஒன்றைத் தளர்த்திவிடுவதுதான் ஸ்லேக்.

எதோடு சேரும், எதோடு சேராது

முதல் கூட்டாளி தாகம். ‘பட்டர்மில்க் ஸ்லேக்ட் ஹிஸ் தர்ஸ்ட்’, மோர் அவன் தாகத்தைத் தணித்தது. இங்கே செயப்படுபொருள் கட்டாயம் வேண்டும். எதைத் தணித்தது என்று சொல்லாமல் ‘மோர் ஸ்லேக்ட்’ என்று நிறுத்தினால் வாக்கியம் அந்தரத்தில் தொங்கும். தணிப்பது பானமாகவும் இருக்கலாம், ஆளாகவும் இருக்கலாம். ‘அவள் பானைத் தண்ணீரால் தன் தாகத்தை ஸ்லேக் செய்தாள்’ என்பதும் சரியே. அப்போது தண்ணீருக்கு முன்னால் வித் போட வேண்டும்.

இரண்டாவது கூட்டாளி, தாகம் மாதிரி உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருக்கிற ஆசைகள். அறியும் ஆர்வம், பழிவாங்கும் வெறி, காமம், அதிகாரப் பசி. கியூரியாசிட்டியை ஸ்லேக் செய்யலாம், ரிவெஞ்சையும் ஸ்லேக் செய்யலாம். பரீட்சைப் பத்திகளில் பெரும்பாலும் இந்த உருவகப் பயன்பாடுதான் வரும். ‘புத்தகங்கள் அவனுடைய ஆர்வத்தை ஸ்லேக் செய்யவில்லை, இன்னும் கிளறிவிட்டன’ என்கிற மாதிரி.

தமிழ்க்காரர்கள் தவறி விழுகிற இடம் ஒன்று உண்டு, நன்றாகக் கவனி. ஸ்லேக் என்றால் தணித்தல் என்று நோட்டில் எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். நம் தணித்தல் ரொம்ப விசாலமான சொல். தாகம் தணியும், கோபம் தணியும், காய்ச்சல் தணியும், வெயில் தணியும், அடுப்பின் தணலும் தணியும். சூரனோடு போர் முடித்த முருகனின் சினம் தணிந்த இடம் என்று திருத்தணிக்கே பெயர்க்காரணம் சொல்கிறோம். அந்தக் கணக்கில் ஃபீவரை ஸ்லேக் செய்தேன் என்று எழுதினால் படிக்கிற ஆங்கில வாத்தியார் சிரித்துவிடுவார். காய்ச்சல் கேம் டவுன், வெயில் ஈஸ்ட் அல்லது அபேட்டட். கோபத்துக்கும் நெருப்புக்கும் பழைய இலக்கியத்தில் ஸ்லேக் வந்திருக்கிறது. அங்கே பார்த்தால் புரிந்துகொள், நீயாக எழுதாதே. பசிக்கு சேட்டிஸ்ஃபை போடு. கொல்லன் பட்டறையில் பழுக்கக் காய்ச்சிய அரிவாளைத் தண்ணீரில் தோய்ப்பதற்கு க்வென்ச் மட்டும்தான், ஸ்லேக் வராது. தாகத்தைப் பொறுத்தவரை க்வென்ச்சும் ஸ்லேக்கும் ஒன்றே. இரும்பையும் தீயையும் பார்த்தவுடன் இரண்டும் பிரிந்துபோய்விடும்.

சேஷியேட் என்று இன்னொரு சொல் உன் பட்டியலில் அடுத்த பக்கத்திலேயே இருக்கும். அது போதும் போதும் என்கிற அளவுக்குத் திகட்டத் திகட்டக் கொடுப்பது. ஸ்லேக், கேட்டதைக் கொடுத்து அடக்குவது. ஒத்த பொருள் கேட்டால் க்வென்ச், சேட்டிஸ்ஃபை, அலே, அஸ்வேஜ் என்று வரும். எதிர்ப்பதம் கேட்டால் ஆசையைத் தூண்டிவிடுகிற வெட், கிண்டில் மாதிரி ஒன்றைத் தேடு. வெட் என்றால் நனைந்த வெட் இல்லை, நடுவில் ஹெச் எழுத்து வருகிற வெட்: கத்தியைச் சாணை பிடிப்பது, பசியைத் தூண்டுவது. ‘லூஸன்’ என்று ஒரு விடை வைத்து இழுப்பார்கள். ஸ்லாக்கோடு குழப்பிக்கொள்பவர்களுக்காக விரித்த வலை அது. பூர்வீகத்தில் உறவு இருக்கிறதே என்று நினைத்து டிக் அடித்துவிடாதே, இன்றைய பொருளுக்குத்தான் மதிப்பெண்.

இனி சுண்ணாம்பு

பத்தாம் வகுப்பு வேதியியலில் ஸ்லேக்டு லைம் என்று படித்தது ஞாபகம் இருக்கிறதா? தமிழ்வழியில் படித்த எனக்கு அது நீற்றுச் சுண்ணாம்பு. அங்கே இருக்கிற ஸ்லேக்டும் இந்த ஸ்லேக்கின் இறந்தகால வடிவமும் ஒன்றே. அறிவியல் புத்தகத்தில் ஒரு சொல்லாகவும் ஆங்கிலப் புத்தகத்தில் வேறு சொல்லாகவும் நினைத்துப் படித்துவிட்டு, இரண்டும் ஒன்றென்று தெரியாமலே டிகிரி வாங்கிவிடுகிறோம்.

நம் ஊரில் இதைப் படிக்கப் புத்தகமே வேண்டாம். கிரெட்டேசியஸ் காலத்தில் இந்தப் பக்கமெல்லாம் கடல். அந்தக் கடல்வாழ் உயிர்களின் ஓடுகளும் சேறும் படிந்து இறுகியதுதான் இன்றைய சுண்ணாம்புக்கல். அதனால்தான் தமிழ்நாடு அரசின் சிமெண்ட் ஆலை அரியலூரில் இருக்கிறது, தனியார் ஆலைகள் ரெட்டிபாளையம், கோவிந்தபுரம், தளவாய், கீழப்பழுவூர் என்று வரிசையாக நிற்கின்றன. சுரங்கத்துக் கல்லை ஏற்றிய லாரிக்குப் பின்னால் பைக்கில் போனால் சட்டை வெளுத்துவிடும். அது வாஷிங் பவுடர் விளம்பர வெளுப்பு இல்லை என்பதை நான் சொல்லித்தான் உனக்குத் தெரிய வேண்டுமா?

அந்தக் கல்லைக் காளவாயில் போட்டு ஏறக்குறைய 900 டிகிரி செல்சியஸில் சுட்டால் கார்பன் டை ஆக்சைடு கிளம்பிப் போய்விடும். 100 கிலோ சுத்தமான சுண்ணாம்புக்கல்லில் 44 கிலோ இப்படி வாயுவாகப் போய், மிச்சம் 56 கிலோ சுட்ட சுண்ணாம்பு. கட்டி பார்க்கக் கல் மாதிரியே இருக்கும், கையில் எடுத்தால் லேசாக இருக்கும். ஆங்கிலத்தில் இதற்குப் பெயர் க்விக்லைம். அங்கே க்விக் என்பதற்கு வேகம் என்று அர்த்தமில்லை, உயிருள்ளது என்று அர்த்தம். ஐந்தாம் நூற்றாண்டில் புனித அகஸ்டின் இதை வியந்து எழுதியிருக்கிறார்: தொட்டால் குளிர்ந்து கிடக்கிற சுண்ணாம்பு, நெருப்பை அணைக்கிற தண்ணீர் பட்டதும் கொதிக்கிறது, நெருப்பை வளர்க்கிற எண்ணெயை ஊற்றினாலோ சும்மா இருக்கிறது. உள்ளே ஒளிந்திருக்கிற தீ அதன் உயிர் என்று நினைத்துத்தான் உயிருள்ள சுண்ணாம்பு என்றார்கள். அந்த உயிர் தண்ணீருக்குத் தவிக்கிறது. தண்ணீர் காட்டினால் சீறி, பொரிந்து, பிறகு அடங்குகிறது. தாகம் தணிக்கிற வினையை 17-ஆம் நூற்றாண்டு ஆங்கிலேயர்கள் சுண்ணாம்புக்கும் கொண்டுவந்தது ஏன் என்று இப்போது தனியாக விளக்க வேண்டியதில்லை.

நம் தமிழ் வேறு பக்கமாகப் போயிருக்கிறது. நீறு என்றால் சாம்பல், பொடி, திருநீறு. கட்டியை நீறாக்குவது நீற்றுதல். ஆங்கிலம் சுண்ணாம்பின் தவிப்பைப் பார்த்துப் பெயர் வைத்தது, தமிழ் பொலபொலவென்று உதிர்ந்த பொடியைப் பார்த்துப் பெயர் வைத்தது. மொழிபெயர்ப்புக் கேள்வி வந்தால் இதை மறந்துவிடாதே: தாகத்துக்குத் தணித்தல், சுண்ணாம்புக்கு நீற்றுதல். ‘சுண்ணாம்பைத் தணித்தார்’ என்று எழுதினால் மேஸ்திரிகூட ஒப்புக்கொள்ள மாட்டார்.

இலக்கணமும் இங்கே மாறுகிறது. தாகத்துக்குச் செயப்படுபொருள் கட்டாயம் என்றேன் அல்லவா? சுண்ணாம்பு அப்படியில்லை. ஆள் சுண்ணாம்பை ஸ்லேக் செய்யலாம், சுண்ணாம்பு தானாகவும் ஸ்லேக் ஆகலாம். மூட்டையைப் பிரித்துப் போட்டு மறந்துவிட்டால் காற்றின் ஈரத்திலேயே கட்டி உதிர்ந்து மாவாகிவிடும். அதற்கு ஏர்-ஸ்லேக்டு லைம் என்று பெயர். நீற்றாததைச் சொல்ல முன்னால் அன் சேர்த்து அன்ஸ்லேக்டு. தீராத தாகத்துக்கும் அதே அன்ஸ்லேக்டு பொருந்தும். பழைய பொறியியல் புத்தகங்களில் ஸ்லாக்டு லைம் என்று பார்த்தால் அச்சுப்பிழை என்று நினைக்காதே, உடன்பிறப்பின் பெயரில் எழுதியிருக்கிறார்கள்.

சொல்லைச் சொல்லிக்கொடுத்துவிட்டு வேலையைச் சொல்லாமல் விட்டால் அக்கா இல்லை. பொங்கலுக்கு வெள்ளையடிக்க அம்மா சுண்ணாம்பு வாங்கச் சொன்னால், கட்டியாக வாங்கினால்தான் நீற்றுகிற வேலை இருக்கும். 56 கிலோ சுட்ட சுண்ணாம்புக்கு வேதியியல் கணக்குப்படி 18 கிலோ தண்ணீர் போதும். ஆனால் சூட்டில் பாதி ஆவியாகப் போவதால் நிஜத்தில் தாராளமாகவே வேண்டும். அகலமான பழைய அண்டாவிலோ தொட்டியிலோ முதலில் தண்ணீர் ஊற்று. அதில் கட்டியை ஒவ்வொன்றாக இறக்கு. கட்டியைக் குவித்து வைத்து மேலே கொஞ்சமாகத் தண்ணீர் தெளித்தால் கொதித்துத் தெறிக்கும். மெல்லிய பிளாஸ்டிக் வாளி சூட்டில் நெளிந்துவிடும். நீளமான குச்சியால் தள்ளி நின்று கிளறு, குனிந்து பார்க்காதே. கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி போட்டுக்கொள், ஃபேஷன் கண்ணாடி போதாது. ஒரு ராத்திரி முழுக்க ஊறவிட்டு மறுநாள் துணியில் வடிகட்டு. துணியில் தங்குகிற நொய் நீறாத பிசிறு. அதைச் சேர்த்துப் பூசினால் சுவரில் இருந்தபடியே மெல்ல ஈரம் குடித்து உப்பி, கொஞ்ச நாளில் கொப்புளம் கொப்புளமாகக் காரை உதிரும். சுண்ணாம்பு எவ்வளவு ஊறுகிறதோ அவ்வளவு நல்லது என்று பழைய கொத்தனார்கள் பொறுமையாக இருந்தது இதற்காகத்தான்.

பாட்டியின் வெற்றிலைப் பெட்டியில் இருப்பதும் ஸ்லேக்டு லைம்தான். சூடு அடங்கிவிட்டது, காரம் அடங்கவில்லை. கடையில் விற்கிற சின்ன பிளாஸ்டிக் பாக்கெட்டைக் குழந்தைகள் அமுக்கி விளையாடும்போது பீய்ச்சி அடித்துக் கண்ணில் பட்டு, பார்வையே கெட்டுப்போகிற விபத்துகள் நம் நாட்டுக் கண் மருத்துவர்களுக்குப் பழக்கமானவை. பாக்கெட்டைக் கைக்கு எட்டாத இடத்தில் வை. பட்டுவிட்டால் கண்ணைக் கசக்கவிடாதே. உடனே இமையைப் பிரித்துப் பிடித்து, நல்ல தண்ணீரை விடாமல் ஊற்று. கால் மணி நேரமாவது ஊற்றிவிட்டு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போ. பால், தாய்ப்பால், எண்ணெய் எதுவும் வேண்டாம், பக்கத்து வீட்டுக்காரர் எவ்வளவு வற்புறுத்தினாலும் சரி. சுட்ட சுண்ணாம்புத் தூள் உடம்பில் கொட்டினால் முதலில் உலர்ந்த துணியால் தட்டிவிடு, பிறகு ஏராளமான தண்ணீரில் கழுவு. பாட்டிலில் சுண்ணாம்பும் தண்ணீரும் போட்டு மூடி வேடிக்கை பார்க்கிற பையன்களிடம் இரக்கமே காட்டாதே. அது வெடிக்கும்.

அப்பா வெற்றிலைக்கொடிக்கோ வேறு பயிருக்கோ போர்டோ கலவை என்கிற பூஞ்சைக்கொல்லி அடிக்கச் சொன்னால், அங்கேயும் இதே நீற்றல்தான். ஒரு சதவீதக் கலவைக்கு மயில்துத்தம் 1 கிலோ, சுண்ணாம்பு 1 கிலோ, தண்ணீர் 100 லிட்டர். துத்தத்தைப் பாதித் தண்ணீரில் கரைத்து, நீற்றிய சுண்ணாம்பை மீதிப் பாதியில் கரைத்து வடிகட்டி, துத்தக் கரைசலைச் சுண்ணாம்புப் பாலில் மெதுவாக ஊற்றிக் கலக்கு. பிளாஸ்டிக் அல்லது மரப் பாத்திரம், உலோகம் கூடாது. கலக்கியதும் ஒரு பளபளப்பான இரும்புக் கத்தியை உள்ளே கொஞ்ச நேரம் பிடித்து எடு. கத்தியில் செம்பு நிறம் படிந்தால் சுண்ணாம்பு போதவில்லை, இன்னும் சேர். படியாவிட்டால் அடிக்கலாம். அன்றைக்குக் கலக்கியதை அன்றைக்கே தீர்த்துவிடு.

டிப்ளமோ படிக்கிற தம்பிக்கும் ஒரு வரி. சிமெண்டில் சேராமல் தனியாக மிஞ்சிய சுண்ணாம்பு, ஃப்ரீ லைம், காங்கிரீட் இறுகிய பிறகு நிதானமாக ஸ்லேக் ஆகி உப்பினால் விரிசல்தான். அதைக் கண்டுபிடிக்கத்தான் ஆலை லேபில் லே ஷாட்லியே அச்சில் சிமெண்டை வைத்து வேகவைத்துப் பார்க்கிறார்கள். இரண்டு ஊசிகளுக்கு நடுவே விரிவு 10 மில்லிமீட்டரைத் தாண்டக்கூடாது. வைவாவில் காரணம் கேட்டால் ‘டிலேய்டு ஸ்லேக்கிங்’ என்ற இரண்டு வார்த்தை அவனைக் காப்பாற்றும்.

சுண்ணாம்பு ஆங்கிலத்துக்கே ஒரு வினையைக் கொடுத்திருக்கிறது, தெரியுமா? சுனாம். மெட்ராஸில் பளிங்கு மாதிரி மின்னுகிற சுண்ணாம்புப் பூச்சைப் பார்த்து மயங்கிய வெள்ளைக்காரர்கள் நம் சொல்லையே எடுத்துக்கொண்டார்கள். பூச்சுக்குப் பெயராக மட்டும் நிற்காமல், சுவரைச் சுனாம் செய்வது என்று வினையாகவும் பயன்படுத்தினார்கள். 1886-இல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதியில் அதற்குத் தனிப் பதிவே இருக்கிறது. அந்த அகராதியைத் தொகுத்த இருவரில் ஒருவரான பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். பரீட்சையில் இது வராது. வந்தால் நன்றாகத்தான் இருக்கும்.

மண்ணும் ஸ்லேக் ஆகும்

மூன்றாவது பயன்பாடு அகராதிகளில் பெரும்பாலும் கிடைக்காது. மண்ணியல், புவியியல் கட்டுரைகளில் மட்டும் வரும். காய்ந்த மண்கட்டியைத் தண்ணீரில் போட்டதும் அது உடைந்து கரைவதுதான் ஸ்லேக்கிங். இங்கே செயப்படுபொருள் கிடையாது, மண் தானாக ஸ்லேக் ஆகிறது. காரணமும் சுவாரசியமானது. காய்ந்த கட்டிக்குள் தண்ணீர் நாலா பக்கமும் வேகமாக நுழையும்போது, நடுவில் மாட்டிய காற்று வெளியே வர வழியில்லாமல் கட்டியை உள்ளிருந்து பிளக்கிறது.

இதை வீட்டிலேயே பார்த்துவிடலாம். இரண்டு கண்ணாடி டம்ளரில் தண்ணீர் எடு. வருஷா வருஷம் தொழுவுரம் போடுகிற கொல்லையிலிருந்து நெல்லிக்காய் அளவு கட்டி ஒன்று, உரமே காணாமல் அடிக்கடி உழுகிற காட்டிலிருந்து அதே அளவு இன்னொன்று. இரண்டும் நிழலில் நன்றாகக் காய்ந்திருக்க வேண்டும். டீ வடிகட்டியில் வைத்துத் தண்ணீருக்குள் மூழ்கினாற்போல் இறக்கு. ஐந்து நிமிஷம் பார். ஒன்று குமிழி விட்டுக்கொண்டு முழுசாக நிற்கும், தண்ணீர் தெளிவாக இருக்கும். இன்னொன்று ஓரம் ஓரமாக இடிந்து அடியில் சேறாகிவிடும். மக்கும் வேரும் நுண்ணுயிரும் ஒட்டவைத்த மண் சட்டென்று ஸ்லேக் ஆகாது. உடைந்து கரைகிற மண் மழையில் மேற்பரப்பில் ஏடு கட்டும், விதை முளைக்கத் திணறும், தண்ணீர் உள்ளே இறங்காமல் ஓடிவிடும். அப்பாவிடம் இதைக் காட்டி அடுத்த தடவை தொழுவுரம் அடிக்கச் சொன்னால் நாலு ஆங்கிலக் கட்டுரை படித்ததற்குச் சமம்.

பெரம்பலூர்க் கரிசலில் கோடை உழவு ஓட்டினால் பாறை மாதிரிக் கட்டி கட்டியாகப் பெயர்ந்து கிடக்கும். யாரும் கட்டையால் அடித்து உடைப்பதில்லை. ஒரு மழை விழுந்தால் தானாக உதிர்ந்துவிடும் என்று விட்டுவிடுவார்கள். அதுவும் ஸ்லேக்கிங்தான், இந்தத் தடவை விவசாயிக்குச் சாதகமாக.

இன்னும் பெரிய அளவில் பார்க்க வேண்டுமானால் ஒரு ஞாயிற்றுக்கிழமை தம்பியோடு நம் பக்கத்துக் காரை என்கிற ஊருக்குப் போய் வா. களிமண்ணும் ஜிப்சமுமாக, செடி கொடி ஒட்டாமல், மழை அறுத்து அறுத்து ஓடை ஓடையாகக் கிடக்கிற அந்த மேட்டுநிலத்தில், காய்ந்த களி தண்ணீர் பட்டால் எப்படிக் குலைகிறது என்பதைக் கையில் ஒரு கட்டியை எடுத்து, பாட்டில் தண்ணீரை ஊற்றிப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம். பெலம்னைட் புதைபடிவம் கண்ணில் பட்டால் பார்த்துவிட்டு அங்கேயே வைத்துவிடு, பையில் போடாதே. காரை என்றால் சுண்ணாம்புப் பூச்சு என்றும் பொருள் உண்டு. அதை வைத்து ஊர்ப்பெயருக்குக் கதை கட்டி யூடியூபில் போடாதே என்று தம்பியிடம் முன்கூட்டியே சொல்லிவை. சுரங்கம், அணை, மலைச்சாலை போடுகிறவர்கள் பாறை இப்படி எவ்வளவு குலையும் என்று அளக்க ஒரு சோதனை வைத்திருக்கிறார்கள். 1972-இல் ஃப்ராங்க்ளினும் சந்திராவும் வகுத்த ஸ்லேக் டியூரபிலிட்டி சோதனை அது. பாறைத் துண்டுகளைச் சல்லடை உருளையில் போட்டு, தண்ணீரில் சுழலவிட்டு, காயவைத்து, மிச்சம் எவ்வளவு என்று எடை போடுகிறார்கள்.

எழுதாமல் இருப்பதும் ஒரு கெட்டிக்காரத்தனம்

இவ்வளவு தெரிந்துகொண்ட பிறகு கை துறுதுறுக்கும். லெட்டர் ரைட்டிங்கில் ‘தண்ணீர்த் தொட்டி எங்கள் தெருவின் தாகத்தை ஸ்லேக் செய்யும்’ என்று கலெக்டருக்கு மனு எழுதாதே. படிக்கிறவருக்கு மனு மறந்து சொல்தான் ஞாபகம் இருக்கும். ஆக்ஸ்ஃபர்ட் அட்வான்ஸ்டு லேர்னர்ஸ் அகராதியில் இந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் லிட்டரரி என்று ஒரு குறிப்பு இருக்கும். அந்த ஒற்றைக் குறிப்பை நம் பிள்ளைகள் தாண்டிப் போய்விடுகிறார்கள். இலக்கிய நடைக்கு உரியது, மனுவுக்கும் இன்டர்வியூவுக்கும் இல்லை என்று அதற்கு அர்த்தம். பேச்சில் ‘ஐ வாஸ் தர்ஸ்டி, ஐ ஹேட் சம் வாட்டர்’ போதும். எழுத்தில் கொஞ்சம் மெருகு வேண்டுமென்றால் க்வென்ச். ஸ்லேக்கைக் கட்டுரையில் ஒரே ஒரு முறை, ஆர்வத்தையோ ஆசையையோ சொல்கிற இடத்தில், பொருத்தமாக இருந்தால் மட்டும் போடு. சுண்ணாம்பையும் மண்ணையும் பற்றி எழுதும்போது தயங்கவே வேண்டாம், அங்கே அது தொழில் சொல், வேறு சொல்லுக்கு வேலையே இல்லை.

நோட்டில் எப்படி எழுதுவது என்று கேட்டாயே. வலப்பக்கம் அர்த்தம் எழுதுவதை நிறுத்து. ஒரு வினைக்கு அரைப் பக்கம் ஒதுக்கு. மேலே வினை. அதன் கீழே அது பிடித்துக்கொள்கிற பொருள்கள்: தர்ஸ்ட், கியூரியாசிட்டி, லைம். ஒவ்வொன்றுக்கும் எதிரே அந்த இடத்துக்கு வருகிற தமிழ் வினை: தணித்தல், தீர்த்தல், நீற்றுதல். பிறகு ஒரு கோடு. கோட்டுக்குக் கீழே சேராதவை: ஃபீவர், அயர்ன், ஹங்கர். இந்தக் கீழ்ப்பாதிதான் முக்கியம், எந்தக் கைடிலும் அச்சிட்டிருக்க மாட்டார்கள், நீயேதான் சேர்க்க வேண்டும். தமிழ் வினை சட்டென்று பிடிபடாவிட்டால் மாவட்ட மைய நூலகத்தில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் ஆங்கிலம்–தமிழ்ச் சொற்களஞ்சியம் இருக்கிறதா என்று கேள். 1960-களில் சிதம்பரநாதன் செட்டியாரைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு வந்தது. போனில் தட்டினால் ஒரு சொல் வரும், அதில் ஒரு சொல்லுக்கு நான்கைந்து தமிழ்ச் சொல் வரிசையாக நிற்கும். அந்த வரிசையில் எது தாகத்துக்கு, எது சுண்ணாம்புக்கு என்று பிரித்து எடுப்பதுதான் உன் வேலை.

வாரத்துக்கு இரண்டு வினைக்கு மேல் இப்படிப் படிக்காதே, தாங்காது. அடுத்த வாரத்துக்கு நான் சொல்கிறேன்: ஜின். குடிக்கிற ஜின் இல்லை, பருத்தியிலிருந்து கொட்டையைப் பிரிக்கிற ஜின். அதோடு வின்னோவையும் எடுத்துக்கொள். அதற்குத் தமிழில் புடைத்தல், தூற்றுதல், கொழித்தல் என்று மூன்று இருக்கிறது, மூன்றும் வேறு வேறு வேலை. எது எதற்கு என்று அம்மாவிடம் முறத்தைக் கொடுத்துக் கேட்டு எழுது. எழுதியதைப் போட்டோ எடுத்து அனுப்பு, ராத்திரி சாப்பாட்டு வேலை முடிந்ததும் திருத்தித் தருகிறேன்.